சூடு ஆறாத வடை

சுதாகரன் தோட்டத்து லயத்தில் தன் வீட்டுக் கதவைத் தட்டினான். வாயில் வெற்றிலை, கையில் இரத்தினபுரி டவுனில் மகளுக்கு வாங்கிய வடைப் பொட்டலம்.

தலை நரைத்த பெண் ஒருத்தி திறந்தாள். “யாரு வேணும் தம்பி?”

“இது என் வீடும்மா. எம் புள்ள துஷ்யந்தி எங்க? காலையில தூங்க வச்சுட்டுத்தான் மாணிக்கக் குழிக்குப் போனேன்.”

அவள் கதவைப் பிடித்துக்கொண்டாள். “நாந்தான் துஷ்யந்தி. குழிக்குப் போன அப்பா வரவேயில்ல. அம்மாவும் செத்துப் போச்சு. தனியாத்தான் இருக்கேன்.”

குழியில் சோதனைக்குப் பயந்து வெற்றிலையோடு அதக்கி வந்த கல்லைத் துப்பினான். மகளுக்காகத் திருடியது. விண்கப்பல்காரர்கள் வயதாகாமல் நட்சத்திரங்களுக்குப் போய்வர வாங்கும் கல். அதை உடம்பில் வைத்துப் பயணம் செய்பவருக்கு வழியில் ஒரு மணி நேரம் என்றால், ஊருக்கு ஐம்பது வருடம்.

வடை இன்னும் சுட்டது.