இடமில்லாத ஹெலிகாப்டர்

“அந்த அம்மா சீன் பொய். எடுத்துடுங்க சார்,” என்றேன்.

ஆலோசகர் கேப்டன் ஜெயபாலனிடம் எதையும் மாற்றச் சொல்லக் கூடாது என்று டைரக்டர் எங்களை முதல் நாளே எச்சரித்திருந்தார். கேப்டன் ஓய்வுபெற்ற ராணுவ பைலட். எங்கள் காந்தலூர் செட்டில், ஹெலிகாப்டர் சுவிட்சின் நிறத்தைக்கூட மாற்ற வைத்தவர்.

“நிஜம்மா அது. எட்டு வருஷம் முன்னாடி அந்த நிலச்சரிவுல ஹெலிகாப்டர் ஓட்டினதே நான்தான். ‘எம்புள்ளைய மட்டும் கொண்டு போங்க’ன்னு அந்த எஸ்டேட் தொழிலாளி ஏற மறுத்துட்டாங்க. எப்பேர்ப்பட்ட தியாகம்!”

“மறுக்கல சார். ஏறி உக்காந்தவங்கள, இடமில்லைன்னு எறக்கி விட்டீங்க. எஸ்டேட் மேனேஜரோட நாய்க்கு மட்டும் இடமிருந்துச்சு.”

டைரக்டர் கத்தினார். “வாய மூடு, செல்வி! நீ என்ன கூட இருந்து பார்த்தியா?”

“அந்த நாய என் மடியிலதான் சார் வச்சாங்க.”

அடையாள அட்டையைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு வெளியே நடந்தேன்.