முதல் காட்சியில் சாகிறவள்

ஐம்பதுகளில் லண்டனில் எடுத்த கொலைப் படங்களில் டோரீன் பாஸ்கோ நடித்தாள். எல்லாவற்றிலும் கதை தொடங்கியதுமே செத்துப்போவாள். அவளுக்காக யாரும் அழுவதற்குள் துப்பறிவாளர் வந்துவிடுவார்.

முதுமையில் அவள் சேர்ந்திருந்த இல்லத்தின் தொலைக்காட்சியில், ஒரு மதியம் அப்படியொரு படம் ஓடியது. திரையில் கழுத்து நெரிபட்டுக் கிடந்தவள் டோரீன்தான் என்று அறியாமல், அவளுக்குச் சூப் ஊட்டிக்கொண்டிருந்த யாழ்ப்பாணத்துத் தாதி மங்களேஸ்வரி கண்ணைத் துடைத்தாள்.

“பாவம் இந்தப் பிள்ளை. இனி தாய்க்கு ஆர் போய்ச் சொல்லுறது?”

இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை. டோரீன் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். அது தான்தான் என்று சொல்ல மனம் வரவில்லை.

“தந்தி அடிச்சாங்க,” என்றாள், படத்தில் இல்லாததை. “அந்த அம்மா மறுநாளே ரயிலேறி வந்துட்டாங்க. மகளை மடியில போட்டு அழுதாங்க.”