வயரைப் பிடித்திருந்த கை

ஹார்ட் டிஸ்கின் வயரைக் கட்டைவிரலால் அழுத்திப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள் ஜெசிந்தா. விரல் கொஞ்சம் தளர்ந்தாலும் அதன் நீல விளக்கு அணையப் பார்த்தது. தொண்டை ஆபரேஷனில் குரலே போவதற்கு முன்னால் அவள் புருஷன் ஆரோக்கியம் பேசியது, பாடியது, அவளைத் திட்டியது எல்லாம் அந்தப் பழைய லேப்டாப்பில்தான் இருந்தன. அதுவும் இன்றைக்கோ நாளைக்கோ என்று இழுத்துக்கொண்டிருந்தது.

வீடு மாறினால் ஒரு துடைப்பத்தைக்கூட விட்டுவராதவள் அவள். அதே புத்தியில், நகலெடுக்கும் காப்பியைக் கொடுக்காமல் கட் கொடுத்து மொத்தத்தையும் டிஸ்குக்கு அனுப்பிவிட்டாள். போனில் கேட்டதும் டிஸ்கை விற்ற கடைக்காரர் பதறினார்.

“ஐயோ அக்கா, காப்பிதானே போடச் சொன்னேன்! நடுவுல வயர் ஆடுச்சுன்னா அங்கயும் இருக்காது, இங்கயும் இருக்காது. முடியிற வரைக்கும் கையை எடுத்துராதீங்க.”

திரையில் நகர்ந்த பச்சைக் கோடு பாதியைக்கூடத் தாண்டவில்லை. அடுத்த அறையில் ஆரோக்கியம் கட்டில் கம்பியில் கரண்டியால் தட்டினார். ஒரு தட்டு என்றால் தண்ணீர், இரண்டு என்றால் பாத்ரூம். இப்போது நிறுத்தாமல் தட்டினார்.

“இதோ வந்துட்டேங்க! ஒரே நிமிஷம்!”

தூக்கிக்கொண்டு ஓடலாமென்றால், பேட்டரி செத்த லேப்டாப் கட்டிப்போட்ட மாடு மாதிரி சுவர் பிளக்கோடு கிடந்தது. தட்டல் வேகமெடுத்தது. பிறகு தளர்ந்தது. கரண்டி தரையில் விழுந்து உருண்டது.

“என்னங்க?” என்றாள். “என்னங்க?”

பதில் சொல்லக்கூடிய குரல் அவள் கட்டைவிரலுக்கு அடியில் மெல்லப் போய்க்கொண்டிருந்தது.