மருமகளின் இடுப்புப் பை

"இவ கிட்டப் போனா வலி வருது. இவளே இன்னொருக்கா கிட்டப் போனா வலி போகுது. இதுக்கு என்ன பேரு? நீயே சொல்லு மகன்!"

மதியச் சாப்பாட்டுக்குக் கடையிலிருந்து வந்த புவாத், செருப்பைக்கூடக் கழற்றாமல் உம்மாவின் முன்னால் நின்றான். ஸுபைரா சொன்ன அந்த 'இவ', அவன் மனைவி முஹ்ஸினா. கல்யாணமாகி நாலு மாதம்தான் ஆகிறது. குசினி வாசலில் தலைகுனிந்து நின்றாள். பக்கத்தில் அவளுடைய பெட்டி கட்டித் தயாராக இருந்தது.

"மூணரை பஸ்ல பண்டாரவளைக்கு ஏத்திவிடு. அவட உம்மா வூட்டுலயே இருக்கட்டும்."

"வாப்பாட மிஷின்ல ஏதாவது கோளாறா இருக்கும் உம்மா. லண்டனுக்கு, நானாவுக்கு எழுதியிருக்கேன்."

வாப்பா மொஹிதீன் ஹாஜியார் சாய்வு நாற்காலியில் கிடந்தார். வெலிமடைப் பாதையில் உருளைக்கிழங்கு லொறி புரண்டு முதுகு நொறுங்கிய நாளிலிருந்து, ஆறு வருஷம் அவர் பட்ட பாடு பதுளைக்கே தெரியும். போன வருஷம்தான் லண்டனில் இருக்கும் மூத்த மகன், புவாதின் நானா, கூப்பிட்டு ஒப்பரேஷன் செய்வித்தான். அடிவயிற்றின் ஓரமாக, தோலுக்கடியில், பொக்கட் கடிகாரம் அளவில் ஒரு மிஷின். அதிலிருந்து முதுகெலும்புக்கு ஒரு கம்பி. அது நரம்புக்கு லேசாக மின்சாரம் கொடுக்கும். விறுவிறுவென்று ஒரு கூச்சம் பரவும், வலி அடங்கிவிடும். ஊருக்குத் திரும்பியவர் பள்ளிவாசலுக்கு நடந்தே போனார். எல்லாம் மருமகள் வரும்வரைதான்.

"கோளாறா? போன வாரம் இவ மூணு நாள் பண்டாரவளையில நிண்டா. அப்ப மிஷினுக்கு ஒரு கோளாறும் வரல்லயே! நான் தேத்தண்ணி கொண்டு போனா ஒண்ணுமில்ல. இவ கொண்டு போய், குனிஞ்சு தலவாணிய சரி பண்ணிட்டு வந்தா, வாப்பா துடிக்கிறாரு. கோப்ப எடுக்கப் போய்த் திரும்பக் குனிஞ்சா சரியாப் போகுது. இவ நெனச்சா வருது, நெனச்சா போகுது!"

புவாத் வாப்பாவைப் பார்த்தான்.

"அது உண்மைதான் மகன்," என்றார் ஹாஜியார் சங்கடத்தோடு. "அவ வந்துட்டுப் போனா விறுவிறுப்பு நிண்டுடுது. ஏனெண்டு வெளங்கல்ல."

ஸுபைரா லேசுப்பட்டவள் இல்லை. பிஸ்கட் தகரமோ மருந்துக் குப்பியோ, வீட்டுக்குள் வந்த எதையும் வீசாமல் ஏதாவது ஒரு வேலைக்கு எடுத்துவிடும் கெட்டிக்காரி. சந்தேகத்தை மட்டும் சும்மா விடுவாளா? மருமகள் ஊற்றிய தேத்தண்ணியைக் குடித்துப் பார்த்தாள். தலையணையைப் பிரித்துப் பார்த்தாள். பெட்டியைக் கொட்டிப் பார்த்தாள். தகடும் இல்லை, தாயத்தும் இல்லை.

"தையல் தெரிஞ்ச புள்ளயாச்சே எண்டு, வந்த மறுநாளே என்ட தையல் பெட்டிய அப்பிடியே தூக்கிக் குடுத்தேன். அந்த நன்றியாவது இருக்கா?"

"அல்லாஹ் அறிய நான் ஒண்ணும் செய்யல்ல மாமி!" முஹ்ஸினாவின் குரல் உடைந்தது. "மாமாவ என்ட வாப்பா மாதிரிதான் பாத்தேன்."

ஒரு நொடி புவாதுக்கும் சந்தேகம் தட்டியது. அதை நினைத்துத் தன்மீதே வெறுப்பு வந்தது.

"நில்லு!" என்றாள் ஸுபைரா திடீரென்று. "இடுப்புல என்ன அது?"

தையல் சாமான் போட்டு முஹ்ஸினா எப்போதும் கட்டியிருக்கும் சின்னத் துணிப் பை. தினமும் கண்ணில் பட்டுப் பட்டு எல்லோருக்கும் பழகிப்போயிருந்தது.

"கொட்டு இங்க!"

முஹ்ஸினா பையை அவிழ்த்து மேசைமேல் கவிழ்த்தாள். அளவு நாடா, சுண்ணக்கட்டி, நூல்கட்டை. கடைசியில், உடம்பெல்லாம் குண்டூசி சிலிர்த்து நின்ற ஒரு கறுப்பு வளையம் தட்டென்று விழுந்தது.

"யா அல்லாஹ்! ஊசி குத்தின செய்வினை!" ஸுபைரா இரண்டடி பின்வாங்கினாள். "நான் சொன்னேனா இல்லையா? இதுதான், இதேதான்!"

ஹாஜியார் எட்டி அதை எடுத்தார். குண்டூசிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் போட்டார். அவர் முகம் மாறியது.

"நீ சொன்னது சரிதான் ஸுபைரா, இதேதான். லண்டன் டொக்டர் தந்த காந்தம். மிஷினுக்குக் கிட்டக் காட்டினா நிக்கும், திரும்பக் காட்டினா ஓடும். அலுமாரியில வச்சுப் பூட்டச் சொல்லி உன் கையில இல்லயா குடுத்தேன்? இவகிட்ட எப்பிடிப் போச்சு?"

முஹ்ஸினா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"தையல் பெட்டியோட மாமிதான் தந்தாங்க, மாமா. 'சும்மா கெடக்கிற இரும்பு, கீழ விழுற குண்டூசி பொறுக்கவாவது ஒதவும்' எண்டு."