டி.சி. கேட்க வந்த அப்பா

"எம் பொண்ணோட டி.சி.யைக் குடுத்துடுங்க சார். கையோட கூட்டிட்டுப் போயிடுறேன்."

அடைக்கலம் இதைச் சொல்லும்போதே குரல் உடைந்தது. ஒரே மகள். அவளை இந்த இடத்தில் இன்னும் ஒரு பொழுது விட்டுவைக்க அவருக்கு மனசில்லை.

ஸ்ரீரங்கத்தில் ராஜகோபுரத்துக்குப் பக்கத்துச் சந்தில், பாத்திரக் கடைக்கு மேல்மாடியில் இருந்தது அந்தப் பள்ளி. வாசலில் டைப்ரைட்டிங் வகுப்பு என்று போர்டு. உள்ளே சொல்லித் தருவதோ இருப்பதை இல்லாமல் ஆக்கும் வித்தையும், இல்லாததை இருக்க வைக்கும் வித்தையும். ஹாலின் நாலு பக்கமும் ஜன்னல். நாலிலும் மலைக்கோட்டையே தெரிந்தது. அதைப் பார்த்தே அவருக்குத் தலை சுற்றியது.

போன வருஷம் பிரிட்டோ என்று ஒரு மாணவன் தன் நிழலை அழிக்கப் போய், தன்னையும் சேர்த்து அழித்துக்கொண்டான். தேடி வந்த அவன் அம்மாவிடம், அப்படி ஒரு பையனே இங்கே படிக்கவில்லை என்று கூசாமல் சாதித்தார்கள். அந்த அம்மா சத்திரம் பஸ் ஸ்டாண்ட் போய்ச் சேர்வதற்குள் மகன் பேரே அவளுக்கு மறந்துவிட்டதாம். எல்லாம் மகள் தமிழ்மணி சொல்லித்தான் அடைக்கலத்துக்குத் தெரியும்.

வெளியே நல்ல மழை. மாடி ஏறி வந்தவர்களை எல்லாம், சேற்றுக் காலோடு வருகிறீர்களே என்று பியூன் சுடலைமுத்து திட்டித் தீர்த்துக்கொண்டிருந்தான். சேறே படாத அடைக்கலத்தின் செருப்பைப் பார்த்ததும் மட்டும் வாயை மூடிக்கொண்டு நகர்ந்தான். பரவாயில்லை, ஏதோ மரியாதை தெரிந்தவன் என்று அவர் நினைத்துக்கொண்டார்.

மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவர் பேர் அழகிரி. வெளியூரிலிருந்து வந்திருந்தார். பள்ளியின் தலைமையாசிரியை அமிர்தமே அவருக்குக் காபியும் முறுக்கும் எடுத்து வைத்து, கூப்பிட்ட குரலுக்கு ஓடிக்கொண்டிருந்தாள். ஆள் பெரிய ஆபீசர், டி.சி. இவர் கையில்தான் இருக்கிறது என்று அடைக்கலம் கணக்குப் போட்டார்.

அடைக்கலத்தின் முறைக்கு முன்னால் அவரிடம் நின்றது ஒரு கன்றுக்குட்டி. கண்ணாடி போட்ட ஒரு பெண் அதைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழகிரி அதன் காதை இழுத்துப் பார்த்தார், வாயைத் திறந்து பார்த்தார், பிறகு தலையசைத்துப் பேனாவால் ஒரு தாளில் ஏதோ குறித்துக்கொண்டார். அந்தப் பெண் ஈரத் துணியால் கன்றைத் துடைத்தாள். கரும்பலகை எழுத்து போல அது போய்விட்டது. கத்தக்கூட இல்லை.

அடைக்கலம் ஓரடி பின்வாங்கினார். வாயில்லா ஜீவனை இப்படிச் செய்கிறவர்கள் பெற்ற பிள்ளையை மட்டும் விட்டுவைப்பார்களா? சுவரோரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்த தமிழ்மணியைத் திரும்பிப் பார்த்தார். அவள் கையிலும் ஒரு ஈரத் துணி இருந்தது. என்னென்ன பாவத்தை எல்லாம் பழக்கிவைத்திருக்கிறார்களோ என்று அவருக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அழகிரி டி.சி.யைப் பற்றி வாயே திறக்கவில்லை. எந்த ஊர் என்று கேட்டார். சமயபுரம் பக்கம் என்றார் அடைக்கலம். எப்படி வந்தீர்கள் என்றதற்கு, பஸ்ஸில்தான் என்றார். மகளைப் பற்றிச் சொல்லுங்கள் என்றதும் மடை திறந்துவிட்டது.

"கருவாட்டுக் குழம்பு வெச்சா ரெண்டு தட்டு சாப்பிடும் சார். ராத்திரி லைட் எரிஞ்சாத்தான் தூங்கும். காய்ச்சல் வந்தா எங்கையை எடுத்து நெத்தியில வெச்சுக்கும். அதுக்கு ஒண்ணு ஆச்சுன்னா நான் உசுரோட இருக்க மாட்டேன் சார்."

சொல்லச் சொல்லக் கண்ணீர் வழிந்தது. அழகிரி எழுந்து வந்து, அவர் கன்னத்து ஈரத்தை விரலால் தொட்டுப் பார்த்தார். மணிக்கட்டை மெல்ல அழுத்திப் பிடித்துக்கொண்டார். இவ்வளவு ஆறுதலாக யாரும் தன் கையைப் பிடித்ததில்லை என்று அடைக்கலத்துக்குத் தோன்றியது. இவர் நல்ல மனுஷன், மகள் பிழைத்தாள்.

"உங்க வீட்டுக்காரம்மா பேரு என்னங்க?"

சொல்ல வாயைத் திறந்தார். பேர் வரவில்லை. முகமாவது வருமா என்று பார்த்தார், அதுவும் வரவில்லை. பிரிட்டோவின் அம்மா நினைவுக்கு வந்தாள். பாவிகள், அதற்குள் தன் தலைக்குள்ளேயும் கையை விட்டுவிட்டார்கள்.

"தமிழு, எந்திரிம்மா. டி.சி.யும் வேணாம், ஒண்ணும் வேணாம். வா, போயிடலாம்."

அழகிரி பேனாவை மூடினார். இத்தனை நேரம் அடைக்கலத்தை விட்டு நகராத பார்வை, இப்போதுதான் தமிழ்மணி பக்கம் திரும்பியது.

"முகம், குரல், பாசம் எல்லாம் நல்லா செஞ்சிருக்கம்மா. அழறதுகூட அசலா இருக்கு. பொண்டாட்டியை மட்டும் ஏன் விட்டுட்ட?"

தமிழ்மணி ஈரத் துணியைப் பிழிந்துகொண்டே எழுந்து வந்தாள். தன்னோடு கிளம்பத்தான் வருகிறாள் என்று அடைக்கலம் கையை நீட்டினார்.

"நேரம் பத்தலை சார்."