வட்டத்தில் ஒரு நாற்காலி

"முதுகு மட்டும்தான்மா தெரியும். சும்மா வந்து உட்காரு, போதும்."

ரூலி காபிக் குவளைகள் அடுக்கிய தட்டோடு வாசற்படியிலேயே நின்றாள். வீட்டைத் தருகிறேன், காபி போட்டுத் தருகிறேன், கேமரா பக்கம் மட்டும் கூப்பிடாதே என்று, படம் எடுக்கும் மகள் ஃபென்னாவிடம் முன்பே கறாராகச் சொல்லியிருந்தாள்.

ஆனால் படத்தில் அம்மாவாக நடிக்க வேண்டியவள் ஏறிய ரயில் எங்கோ வயல் நடுவில் நின்றுவிட்டது. கூடத்தில் வட்டமாகப் போட்டிருந்த நாற்காலிகளில் ஒன்று காலி.

ஃபென்னாவுக்கு இது மூன்றாவது குறும்படம். முதல் படம் ஊர் ஊராகப் போய்ப் பரிசு வாங்கியது. இரண்டாவதைப் பார்த்த நடுவர் ஒருவர், தேர்ந்த கைதான், ஆனால் நெஞ்சைக் காணோம் என்று எழுதிவிட்டார். அந்த ஒரு வரி அவளை இன்றுவரை நிம்மதியாகத் தூங்க விடவில்லை. இதுவும் சறுக்கினால் முழுநீளப் படக் கனவை மூட்டை கட்டிவிட்டு, சைக்கிள் கடைகளுக்கு விளம்பரம் எடுத்துப் பிழைக்க வேண்டியதுதான்.

இரண்டே காட்சிகள் பாக்கி. இந்தக் கூடத்தில் கதையில் வரும் பையனின் பிறந்தநாள் விருந்து. அது முடிந்ததும் கால்வாய்க் கரையில், சாயும் வெயிலில், பையன் தனியாக நடந்துபோகும் கடைசிக் காட்சி. படமே அந்த நடையில்தான் நிற்கிறது. வாரமெல்லாம் மழை பெய்து இன்றுதான் வெயில் வந்திருக்கிறது. பையனாக நடிப்பவன் இன்றிரவே கிளம்பிவிடுவான். நாளை அவனுக்கு வேறு படம்.

"வெயில் நமக்காகக் காத்துட்டு இருக்காது," என்று ஒளிப்பதிவாளன் ரெம்கோ முணுமுணுத்தான்.

ரூலி தட்டை வைத்தாள். மேலே வண்ணக் காகிதத் தோரணம் தொங்கியது. அதைக்கூட அவள்தான் காலையில் பரணிலிருந்து இறக்கினாள். வாங்க வேண்டாம், இருக்கிறது என்றாள். மிச்சமான செலவை நினைத்துச் சந்தோஷப்பட்ட ஃபென்னா, அதற்கு மேல் எதையும் யோசிக்கவில்லை.

ரூலி காலி நாற்காலியில் உட்கார்ந்தாள். கேமரா ஓடத் தொடங்கியது.

விருந்தாளிகளாக வந்தவர்கள் பக்கத்து ஊர் நாடகக் குழுவினர். இந்த வீட்டுக் கதை எதுவும் அவர்களுக்குத் தெரியாது. ஒவ்வொருவராக உள்ளே வந்து, வட்டத்தைச் சுற்றி எல்லோரிடமும் கைகுலுக்கினார்கள். பிறந்தநாள் ஒருவனுக்குத்தான் என்றாலும் அப்பா, அத்தை, மாமா என்று வீடே வாழ்த்து வாங்கிக்கொள்ளும் ஊர் இது. நாய் இருந்தால் அதற்கும் உண்டு.

முதலில் வந்தவள் ரூலியின் முன் குனிந்தாள்.

"மகனுக்குப் பிறந்தநாள். வாழ்த்துகள்!"

அப்போதுதான் ஃபென்னாவுக்கு உறைத்தது.

காலி நாற்காலியைப் பார்த்தாள், வெளிச்சத்தைப் பார்த்தாள், அம்மாவின் முதுகைக்கூட அளந்து பார்த்தாள். அந்த நாற்காலியில் உட்காருபவளுக்கு என்ன வார்த்தை வந்து சேரும் என்று மட்டும் பார்க்கவில்லை. இத்தனைக்கும் வசனம் எழுதியவளே அவள்தான்.

அண்ணன் ஹார்ம் மோட்டார் சைக்கிளோடு போய்ச் சேர்ந்து பன்னிரண்டு வருஷம் ஆகிறது. அதற்குப் பிறகு இந்த வீட்டில் யாருக்கும் பிறந்தநாள் கொண்டாடவில்லை. அவன் பிறந்த தேதியில் ரூலி காலையிலேயே பஸ் ஏறிக் கடற்கரைக்குப் போய்விடுவாள். தெரிந்தவர்கள் அவள் எதிரில் அவன் பெயரைக்கூட எடுப்பதில்லை.

நிறுத்தச் சொல்ல வாயெடுத்தாள் ஃபென்னா. அதற்குள் இன்னொரு கை நீண்டது, இன்னொரு வாழ்த்து விழுந்தது, அம்மாவின் தோள்கள் மெல்ல ஏறி இறங்கின. சொல்லிக்கொடுத்து வரவழைக்க முடியாத அசைவு. ஃபென்னா வாயை மூடிக்கொண்டாள். அப்படி மூடிக்கொண்டதற்காகத் தன்னையே வெறுத்தாள்.

வட்டம் முடிந்தது. ரெம்கோ கட்டைவிரலை உயர்த்தினான்.

"பிரமாதம்! கிளம்பு, கிளம்பு, கரைக்குப் போகலாம்."

ஆட்கள் சாமான்களைத் தூக்க ஓடினார்கள். ரூலி எழுந்து நேரே மகளிடம் வந்தாள். சரியான திட்டு விழப்போகிறது என்று ஃபென்னா தலையைக் குனிந்துகொண்டாள். விழட்டும், வாங்க வேண்டியதுதான்.

ரூலி அவள் சட்டைக் கையைப் பற்றினாள்.

"இன்னொரு தடவை எடுப்பியா?"

ஃபென்னா ஜன்னலைப் பார்த்தாள். கால்வாய்க்கு அந்தப் பக்கத்து மரங்களின் உச்சிக்கு வெயில் இறங்கியிருந்தது.

"சத்தம் சரியாப் பதியல," என்றாள், எல்லோருக்கும் கேட்கும்படி. "எல்லாரும் வெளிய போயிட்டுத் திரும்ப வாங்க. முதல்லேருந்து."

"பைத்தியமா உனக்கு?" என்று ரெம்கோ பல்லைக் கடித்தான். ஒலிப்பதிவு செய்பவன் மறுத்துப் பேச வந்தான். அவள் முகத்தைப் பார்த்துவிட்டு ஹெட்போனை மாட்டிக்கொண்டான்.

மறுபடி கைகள் வந்தன. இந்த முறை ரூலி ஒவ்வொருவருக்கும் எழுந்து நின்று, வாய்விட்டு நன்றி சொன்னாள். மீசைக்காரப் பெரியவர் ஒருவர் உற்சாகத்தில் தானாக ஒரு வசனம் சேர்த்துக்கொண்டார்.

"பையனுக்கு இப்ப என்ன வயசாச்சு?"

படத்தில் பையனுக்குப் பதினெட்டு. அது அங்கே எல்லோருக்கும் தெரியும்.

"போன மாசம் முப்பத்தொண்ணு முடிஞ்சுது," என்றாள் ரூலி. "ஹார்முக்கு."

பெரியவர் விழித்தார். ரெம்கோ கேமராவிலிருந்து முகத்தை எடுத்தான்.

ஃபென்னா அவனைத் தாண்டிப் போய், கைகுலுக்க நின்றவர்களில் கடைசி ஆளாக நின்றுகொண்டாள். கேமராவுக்கு இப்போது அவள் முதுகு மட்டும்தான் தெரிந்தது. ஜன்னலில் வெயில் இல்லை.

தன் முறை வந்ததும் கையை நீட்டினாள்.

"வாழ்த்துகள்மா."

ரூலி அந்தக் கையை விடவில்லை.

"உனக்கும்தான்டி. உன் அண்ணனாச்சே."