தழும்பு மட்டும் அவருடையது

காலையில் இறக்கிய மூட்டைகளின் வலி தோளில் இன்னும் விண்விண் என்று தெறிக்க, சுமைகாரர் மனைவியோடு கண்காட்சிக் கூடத்தில் நிற்கிறார். சுவர் நிறைந்த படத்தில் ஒருவன் மூட்டை சுமக்கிறான். விளக்கொளியில் அவன் வியர்வைகூட மின்னுகிறது. பக்கத்தில் யாரோ ஒருவர் அந்த முகத்தைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார். "தோள்ல இருக்கிற தழும்பு உங்களுது. மூஞ்சி யாருது?" என்கிறாள் மனைவி. "யாருதும் இல்லைங்க. சுமை தூக்குறவங்க எல்லார் போட்டோவையும் கலந்து ஏஐ உண்டாக்கினது. ஜனங்க நம்புறாங்களான்னு பார்க்கத்தான்," என்கிறார் அந்தப் படத்தை உருவாக்கிய ஓவியர். "நல்லா கலந்தீங்க. மூட்டையை மட்டும் கலக்காம இவருக்கே விட்டுட்டீங்க. இவர் படத்தை மாட்ட நான் வீட்ல ஆணி வேற அடிச்சு வச்சிருக்கேன்," என்கிறாள் மனைவி. சுமைகாரர் சிரித்தபடி தோளைத் தடவுகிறார். போட்டோ எடுத்த அன்று தருவதாகச் சொன்ன அவருடைய படத்தை ஓவியர் இன்னும் கொடுக்கவில்லை.